இரண்டாம் நாள் பச்சை

ஆய்வுகூடத்துக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்காக ஏதாவது எழுதித் தரும்படி கேட்டார்கள். பிப்பெட்டை எப்படிப் பிடிப்பது, கையுறையை எப்படிக் கழற்றுவது என்றெல்லாம் நான் எழுதப்போவதில்லை. உங்கள் கை என் கையைவிட நடுக்கம் குறைந்தது. அதை ஓய்வுபெற்ற ஒருத்தியிடம் கற்க வேண்டிய அவசியம் உங்களுக்கு இல்லை. உங்களுக்கு உதவக்கூடியது எது என்று யோசித்துப் பார்த்தேன். நான் சரியாகச் செய்த எதுவும் ஞாபகத்துக்கு வரவில்லை. பிழையாகச் செய்தவைதான் வரிசையாக வந்து நின்றன. அவற்றில் பெரியதைச் சொல்கிறேன்.

முதலிலேயே ஒன்று: இதில் வரும் பிள்ளை நலமாக இருக்கிறாள், பள்ளிக்கூடம் போகிறாள். அவள் பிழைத்தாளா இல்லையா என்று உங்களைக் கடைசிவரை தவிக்கவிட எனக்கு விருப்பமில்லை. ஒரு குடும்பத்தைத் தவிக்கவிட்டது போதும்.

நாங்கள் செய்த வேலையை, வீட்டில் யாராவது கேட்டால் இப்படித்தான் சொல்வேன். வைரஸ் என்பது செல்லுக்குள் சாமான் கொண்டுபோய் இறக்குவதில் கெட்டிக்கார லொறி. அது ஏற்றிவரும் நோயை நாங்கள் இறக்கிவிடுவோம். மீண்டும் பெருகாதபடி அதன் உறுப்புகள் சிலவற்றையும் எடுத்துவிடுவோம். பிறகு எங்களுக்கு வேண்டிய ஜீனை ஏற்றி அனுப்புவோம். அந்த வெறும் லொறிக்குத்தான் வெக்டர் என்று பெயர். எங்கள் ஜீன், தலசீமியா உள்ள பிள்ளைகளின் உடம்பு ஒழுங்காகச் செய்யத் தெரியாத இரத்தப் புரதத்துக்கானது. அதனோடு இன்னொரு ஜீனையும் சேர்த்து ஏற்றுவோம். அது பச்சை ஒளி தரும் ஒரு புரதத்துக்கானது. மைக்ரோஸ்கோப்பில் செல் பச்சையாகத் தெரிந்தால் சாமான் உள்ளே இறங்கிவிட்டது என்று பொருள். அப்படித்தான் நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

இவையெல்லாம் செல் வளர்க்கும் கிண்ணத்துக்குள் நடந்த பரிசோதனைகள். எந்த நோயாளிக்கும் இதை ஏற்றும் நிலையில் நாங்கள் இருக்கவில்லை, அதற்கு இன்னும் பல வருடங்கள் ஆகும் என்பதும் எங்களுக்குத் தெரியும். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். எனக்கும் நினைவில்தான் இருந்தது, ஆனாலும் அது என்னைக் காப்பாற்றவில்லை.

என்னோடு வேலை செய்தவள் கௌரி. யாழ்ப்பாணத்தவள், என் வயதுக்காரி. அவள் வந்த முதல் வாரத்தில் நான் இன்கியூபேட்டரில் வைத்திருந்த ஆறு கிண்ணங்களையும் வெளியே எடுத்து மேசையில் வைத்துவிட்டு, "ராஜி, இதில எது எது எண்டு எனக்குச் சொல்லும் பாப்பம்," என்றாள். மூடியில் எழுதியிருக்கிறேனே என்றேன். ஒரு மூடியைக் கழற்றி இன்னொன்றின் மேல் வைத்தாள். "இப்ப சொல்லும்." அன்றிலிருந்து கிண்ணத்தின் அடியில்தான் எழுதுகிறேன். அவள்மேல் எரிச்சலும் அன்றே தொடங்கியது. சரியாகச் சொல்கிறவர்கள்மேல் வரும் எரிச்சல் சீக்கிரத்தில் அடங்குவதில்லை.

ஆய்வுகூடத்தின் தலைவர் ஒரு பேராசிரியர். சிங்களவர், நல்ல மனிதர். கண்டி ஆஸ்பத்திரியில் எங்களுக்குச் செல் தரும் பிள்ளைகள் வார்ட் டொக்டர்களும் பெரும்பாலும் சிங்களவர்கள். வார்டுக்கு வரும் குடும்பங்களில் பாதி, தமிழ் பேசும் குடும்பங்கள்: சுற்றுவட்டாரத்து அக்குறணை, மடவளை, பிலிமத்தலாவை முஸ்லிம்கள், எங்கள் தேயிலைத் தோட்டப் பக்கத்துச் சனங்கள். ஆகவே ஆய்வுக்குச் சம்மதம் வாங்கும் படிவத்தை வாசித்து விளக்குவது என் தலையில் விழுந்தது. அது என் வேலை அல்ல, அதற்கு எனக்கு யாரும் பயிற்சி தரவும் இல்லை. தமிழ் தெரியும் என்பதே தகுதியாக இருந்தது.

அப்படித்தான் நிஸாம் நானாவைத் தெரிந்தது; நானா என்றால் அவர்கள் பேச்சில் அண்ணன். பிலிமத்தலாவையில் ஹார்ட்வெயார் கடை வைத்திருந்தவர். மகள் ஸஹ்ராவுக்கு ஒன்பது வயது. மாதத்துக்கு ஒருமுறை இரத்தம் ஏற்றக் கண்டிக்குக் கூட்டி வருவார். இப்படி ஏற்றும் இரத்தத்தோடு சேரும் இரும்பு பிள்ளையின் ஈரலில் தங்கிக்கொண்டேபோகும். அதற்கு ஒரு வழி இருந்தது. நான்கு வயதுத் தம்பியின் எலும்பு மச்சை, அதாவது எலும்புக்குள் இரத்தம் ஊறும் கூழ், அவளுக்கு முற்றாகப் பொருந்தியது. கொழும்பில் மச்சை மாற்றுச் சிகிச்சைக்கு ஐந்து வாரங்களில் இடமும் கிடைத்திருந்தது. ஈரல் மோசமாவதற்கு முன்னால் செய்துவிட வேண்டும் என்று வார்ட் டொக்டர் அம்மா அவருக்குப் பல தடவை சொல்லியிருந்தார்.

நானாவுக்குப் பயம். "மிஸ், ஒரு புள்ளக்கி வருத்தம். மத்தப் புள்ள நல்லா ஈக்கிறான். ரெண்டையும் ஒரே நாளையில ஆஸ்பத்திரிக் கட்டில்ல போடச் செல்றாங்க. எனக்கு ராவைக்குக் கண் மூட ஏலாம ஈக்கி," என்றார். அவர்கள் பேச்சில் 'இருக்கு' என்பது 'ஈக்கி', 'சொல்' என்பது 'செல்'. சிகிச்சையில் உயிருக்கு ஆபத்து வர இடமுண்டு என்பதையும் டொக்டர் மறைக்காமல் சொல்லியிருந்தார். அந்த ஒரு வார்த்தையில்தான் அவர் மனம் சிக்கிக்கொண்டிருந்தது.

சிகிச்சைக்கு முந்திய பரிசோதனைக்காக ஸஹ்ராவிடம் எலும்பு மச்சை எடுக்கும்போது, கொஞ்சம் கூடுதலாக எங்கள் ஆய்வுக்கும் எடுக்கலாமா என்று கேட்பதுதான் என் வேலை. படிவத்தில் ஒரு வரி உண்டு: இந்த ஆய்வால் உங்கள் பிள்ளைக்கு நேரடிப் பலன் எதுவும் இல்லை. அதை இரண்டு தடவை வாசித்துக் காட்டினேன். அவர் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். "எங்களுக்கு இல்லாட்டி வேற ஒரு புள்ளக்காவது வரட்டும் மிஸ்," என்றார்.

அது நாட்டில் எல்லாவற்றுக்கும் வரிசையில் நின்ற காலம். வெளிநாட்டிலிருந்து வரவேண்டிய எதுவும் வரவில்லை. செல் வளர்க்கத் தேவையான சீரம் கடைசிப் போத்தலில் இருந்தது. கரண்ட் எப்போது போகும் என்று நேர அட்டவணை போட்டிருந்தார்கள். போவதில் மட்டும் அட்டவணை தவறாது. வெக்டரைச் சுத்தமாகச் செறிவாக்க வேண்டுமென்றால் பெரிய மெஷினில் மணிக்கணக்காகச் சுழற்ற வேண்டும். இடையில் கரண்ட் போனால் எல்லாம் பாழ். ஆகவே நான் ஒரு குறுக்குவழி பிடித்தேன். ஒரு பொடியைக் கரைத்து ஊற்றினால் வைரஸ் தானாகவே அடியில் படியும், பிறகு சின்ன மெஷினில் கொஞ்ச நேரம் சுழற்றினால் போதும். ஊருலகம் செய்கிற வழிதான். என்ன, அப்படிப் படியும்போது வைரஸ் மட்டும் படியாது, அக்கம்பக்கத்தில் மிதப்பதும் சேர்ந்தே படியும். கழுவிக் கழுவித்தான் நீக்க வேண்டும். நான் ஒருமுறைதான் கழுவினேன்.

ஸஹ்ராவின் செல்கள் மூன்று கிண்ணங்களுக்குத்தான் காணும். கௌரி வந்து நின்றாள்.

"ஒண்டில வெக்டர். ஒண்டில ஒண்டும் இல்லை. மூண்டாவதில வெக்டரும் மருந்தும்," என்றாள்.

மருந்து என்று அவள் சொன்னது, எச்.ஐ.வி. நோயாளிகளுக்குக் கொடுக்கும் ஒன்று. எங்கள் வெக்டரும் அந்த வைரஸின் குடும்பத்திலிருந்து எடுத்ததுதான். அந்த மருந்து இருந்தால் வெக்டர் செல்லுக்குள் நுழைந்தாலும் தன் ஜீனை அங்கே பதிக்க முடியாது. ஆகவே மருந்து போட்ட கிண்ணம் பச்சையாகக் கூடாது. பச்சையானால் எங்கோ பிழை.

"கௌரி, இருக்கிறதே மூணு கிண்ணம். அதில ஒண்ண வேலை செய்யாம இருக்கிறதுக்குன்னே ஒதுக்கச் சொல்றீங்களா?"

"ஓம். அதுக்குத்தான் ஒதுக்கச் சொல்லுறன்."

"அடுத்த மாசம் பணம் குடுக்கிறவங்க ஆய்வைப் பார்க்க வர்றாங்க. இந்தப் புள்ளகிட்ட இன்னொரு தடவ கேட்க முடியாது. நான் ரெண்டு அளவில வெக்டர் போட்டுப் பார்க்கிறேன். உங்க மருந்துக் கிண்ணத்த அடுத்த முறை பார்ப்போம்."

கௌரி மருந்துப் போத்தலைத் திரும்பவும் ஃபிரிட்ஜில் வைத்துவிட்டுப் போய்விட்டாள். அவள் சண்டை பிடித்திருந்தால் ஒருவேளை நான் இறங்கியிருப்பேன். இதை அவள்மேல் பழியாகச் சொல்லவில்லை. தலைவர் வெளியூரில் இருந்தார், முடிவு என்னுடையது, கிண்ணங்களைப் பிரித்த கையும் என்னுடையது.

இரண்டாம் நாள் காலை மைக்ரோஸ்கோப்பில் கண்ணை வைத்தேன். பச்சை. ஒன்றிரண்டு அல்ல, கண்ணுக்கெட்டிய இடமெல்லாம். வெக்டர் கூடிய கிண்ணத்தில் கூடுதலாக, குறைந்த கிண்ணத்தில் குறைவாக, ஒன்றும் போடாத கிண்ணத்தில் வெறும் இருட்டு. இவ்வளவு ஒழுங்காக ஒரு பெறுபேறு எனக்கு அதுவரை வந்ததில்லை. என் கண் நிறைந்துவிட்டது. அந்தக் காலத்தில் சந்தோஷப்பட அதிகம் கிடைக்கவில்லை என்பதையும் நீங்கள் கணக்கில் எடுக்க வேண்டும்.

வார்டில் ஒரு டியூப் கொடுக்கப் போனபோது நடைபாதையில் நிஸாம் நானா நின்றார். அன்று ஸஹ்ராவுக்கு இரத்தம் ஏற்றும் நாள். அவர் சும்மா மரியாதைக்குத்தான் கேட்டார்.

"மிஸ், அந்த எங்கட புள்ளட சாமான் எப்படி ஈக்கி?"

"உள்ள போயிருச்சு நானா," என்றேன். "ஸஹ்ராவோட செல்லுக்குள்ள நம்ம ஜீன் போயிருச்சு. என் கண்ணால பார்த்தேன்."

"அல்ஹம்துலில்லாஹ். அப்ப இது சரிவருமா மிஸ்?"

"நல்ல அறிகுறிதான். ஆனா இன்னும் காலம் எடுக்கும்."

இந்தக் கடைசி வாக்கியத்தை நான் எத்தனையோ தடவை எனக்குச் சாட்சியாகக் கூப்பிட்டிருக்கிறேன். காலம் எடுக்கும் என்று சொன்னேனே, சொன்னேனே என்று. உண்மையில், நடுங்கிக்கொண்டிருக்கும் மனிதனிடம் உள்ளே போய்விட்டது என்று சொன்ன பிறகு, அடுத்து வருவது எதுவும் அவர் காதில் ஏறாது. அவர் கண்ணைப் பார்த்தபோதே எனக்கு அது தெரிந்தது. தெரிந்தும், அந்தக் கண் அப்படி மலர்ந்தது எனக்குப் பிடித்திருந்தது.

நான்காம் நாள் பச்சை மங்கியது. மைக்ரோஸ்கோப்பின் விளக்குப் பழசு என்று சொல்லிக்கொண்டேன். ஆறாம் நாள் தேடித்தான் பார்க்க வேண்டியிருந்தது. எட்டாம் நாள் மூன்று கிண்ணங்களும் ஒரே இருட்டு. செல்கள் சாகவில்லை, உயிரோடு, நன்றாகப் பெருகிக்கொண்டு, பச்சையே இல்லாமல் இருந்தன. ஜீன் உண்மையில் பதிந்திருந்தால் செல் பெருகப் பெருக அதுவும் பெருகியிருக்கும்.

கௌரியிடம் போனேன். அவள் 'அப்பவே சொன்னன்' என்று சொல்லவில்லை. வேறு செல்களை எடுத்து இரண்டு மூன்று நாள் வளர்த்து, நான் செய்த அதே வெக்டரை ஒன்றில் தனியாகவும் ஒன்றில் மருந்தோடும் போட்டாள். இரண்டு நாள் கழித்து என்னைக் கூப்பிட்டாள். இரண்டு கிண்ணமும் பச்சை.

லொறி சாமானை இறக்கவே இல்லை. வெக்டர் தயாரித்த செல்கள் வெளியே விட்டிருந்த பச்சைப் புரதம் நான் செறிவாக்கியபோது வைரஸோடு சேர்ந்தே படிந்திருக்கிறது. அதைத்தான் ஸஹ்ராவின் செல்கள் மேலே பூசிக்கொண்டு, உள்ளேயும் கொஞ்சம் விழுங்கியிருக்கின்றன. கேட்டில் உரசிப்போன லொறியின் பெயின்டைப் பார்த்துவிட்டுச் சாமான் வந்துவிட்டது என்று ஊருக்கே சொல்லியிருக்கிறேன்.

இதுவரை நான் செய்தது தொழில் பிழை. எவருக்கும் வரும், உங்களுக்கும் வரும், வந்தால் மனமுடைந்து போகாதீர்கள். இனிச் சொல்வதைத்தான் கவனமாகக் கேளுங்கள். பச்சை மங்கத் தொடங்கிய நாளிலிருந்து கௌரி கூப்பிட்ட நாள் வரை ஒரு வாரத்துக்கு மேல் ஓடியது. அந்த நாட்களில் நிஸாம் நானாவிடம் நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. முதலில் நிச்சயமாகத் தெரியட்டும், அரைகுறையாகச் சொல்லி அவரைக் குழப்பக்கூடாது என்று நினைத்தேன். அது பொறுப்பான நினைப்பு போலத்தான் எனக்குப் பட்டது. நல்ல செய்தியைச் சொல்ல எனக்கு ஒரு காலைப்பொழுது போதுமாக இருந்தது. கெட்ட செய்திக்கு மட்டும் ஆதாரம் தேவைப்பட்டது.

கௌரி கூப்பிட்டது ஒரு செவ்வாய்க்கிழமை. அன்று மத்தியானம் வார்ட் டொக்டர் அம்மா ஆய்வுகூடத்துக்கே வந்தார். முகம் சரியில்லை. நிஸாம் நானா கொழும்புக்கு போன் பண்ணி, இப்போதைக்கு மாற்றுச் சிகிச்சை வேண்டாம் என்று சொல்லிவிட்டாராம். ஏன் என்று கேட்டதற்கு, இங்கேயே ஆய்வுகூடத்தில் பிள்ளையின் செல்லைச் சரிப்படுத்திவிட்டார்கள், சின்னவனின் எலும்பில் ஊசி குத்த வேண்டிய தேவை இல்லை என்றாராம். ஆய்வுகூடத்தில் யார் சொன்னது என்று டொக்டர் எங்களைக் கேட்டார்.

நான் சொன்னேன் என்று சொன்னேன். டொக்டர் என்னைத் திட்டியிருக்கலாம், திட்டவில்லை. ஸஹ்ராவின் ஈரல் ரிப்போர்ட் போன முறையைவிட மோசம் என்றும், கொழும்பில் வெள்ளிக்கிழமை மத்தியானம் வரைக்கும் இடத்தை வைத்திருக்கச் சொல்லிக் கெஞ்சி வாங்கியிருப்பதாகவும் சொன்னார். அதற்குப் பிறகு அந்த இடம் வரிசையில் காத்திருக்கும் அடுத்த பிள்ளைக்குப் போகும். மறுபடி எப்போது கிடைக்கும் என்று அவருக்கே தெரியவில்லை.

பேராசிரியர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். நீங்கள் போகாதீர்கள், ஆய்வுகூடத்தின் சார்பில் ஒரு கடிதம் தருகிறேன், டொக்டர் அவரை அழைத்து விளக்கட்டும் என்றார். என்னைக் காப்பாற்றத்தான் சொன்னார், எனக்கும் அது இனித்தது. கடிதத்தில் பிழை என்ற சொல்லுக்கு எத்தனையோ நாகரிகமான பெயர்கள் உண்டு. வெளியே வந்தபோது கௌரி கை கழுவிக்கொண்டு நின்றாள்.

"கடிதம் போகுதாம்," என்றேன்.

"போகட்டும். ஆனா அந்த மனுசன் கடிதத்தை நம்பியோ முடிவெடுத்தவர்? நீர் வாயால சொன்னனீர். வாயாலதான் போய்ச் சொல்லவேணும்."

உள்ளே திரும்பிப் போய்ப் பேராசிரியரிடம், நானே போகிறேன் என்றேன். அவர் எழுதத் தொடங்கிய கடிதத்தை ஒதுக்கிவைத்துவிட்டு, டொக்டரிடமும் சொல்லிவிட்டுப் போங்கள் என்றார்.

மறுநாள் காலை கண்டி கூட்ஸ்செட் பஸ் ஸ்டாண்டில் பஸ் ஏறினேன். வழி நெடுக மனதுக்குள் வாக்கியங்களை அடுக்கிக்கொண்டே போனேன். பிலிமத்தலாவையில் இறங்கியபோது ஒன்றுகூட மிஞ்சவில்லை.

என்னைக் கண்டதும் நிஸாம் நானா எழுந்து கதிரையைத் துடைத்துப் போட்டார். பக்கத்துக் கடைக்கு பிளேன்டீக்குச் சொன்னார். "மிஸ் எங்கட கடைக்கி வந்தீக்கிறாங்க," என்று போனில் மனைவி பரீனாவிடம் சொன்னார். அவர் இன்னும் கொஞ்சம் உபசரித்தால் என்னால் பேச முடியாமல் போகும் என்று தெரிந்தது. தேநீர் வருமுன் சொல்லிவிட்டேன்.

"நானா, நான் அன்னைக்குச் சொன்னது பிழை. ஜீன் உள்ள போகல."

அவர் விளங்காமல் பார்த்தார். பச்சை ஒட்டிக்கொண்ட விதத்தைச் சொன்னேன். லொறியையும் பெயின்டையும் சொன்னேன். மருந்துக் கிண்ணத்தை நான் வைக்காமல் விட்டதையும் சொன்னேன். மங்கத் தொடங்கியதைக் கண்டும் ஒரு வாரத்துக்கு மேல் வாயை மூடிக்கொண்டிருந்ததைச் சொல்வதுதான் எல்லாவற்றையும்விடக் கஷ்டமாக இருந்தது. அதையும் சொன்னேன்.

"கொழும்பில வெள்ளிக்கிழமை பகல் வரைக்கும்தான் இடம் இருக்கு. டொக்டர் உங்க போனுக்காகக் காத்துக்கிட்டு இருக்காங்க. எங்க வேலையால ஸஹ்ராவுக்கு இப்ப எதுவும் ஆகப்போறதில்ல. அதை நம்பி நீங்க நிக்கக்கூடாது."

அந்த நேரம் பார்த்து ஒருவர் ஆணி வாங்க வந்தார். நானா எழுந்து போய் அரைக் கிலோ ஆணியை நிறுத்தார். இரண்டு ஆணி கூடியது, எடுத்துப் போட்டார். கடதாசியில் சுற்றிக் கொடுத்தார். அவர் கை ஒரு தடவையும் தடுமாறவில்லை. திரும்பி வந்து என் முன்னால் உட்கார்ந்தார்.

"மிஸ், டொக்டர்மார் எத்தன பேர் செல்லீக்கிறாங்க, கொழும்புக்குப் போங்க போங்க எண்டு. அவங்க செல்றதில பாதி எனக்கு வெளங்கல்ல. நீங்க எங்கட பாசையில செல்லின. அதால நம்பின."

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"சரி. இப்ப இத செல்லுங்க," என்றார். "கொழும்புக்குப் போனா எங்கட புள்ள நல்லா வருவாளா?"

இந்த இடத்தில்தான் நான் உங்களை நிறுத்தி வைக்க விரும்புகிறேன். நல்லா வருவா நானா, பயப்படாதீங்க என்று சொன்னால் அவர் அந்த நிமிடமே போனை எடுத்திருப்பார். எனக்கும் அதுதான் வேண்டும். பிள்ளைக்கும் அதுதான் நல்லது. சொல் என் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. ஒரு பொய்யான பச்சையை நல்ல நோக்கத்தோடு இன்னொரு பச்சையால் மூடுவதற்கு நான் எவ்வளவு கிட்டப் போனேன் என்பதை நினைத்தால் இன்றும் உடம்பு கூசுகிறது.

"எனக்குத் தெரியாது நானா," என்றேன். "நல்லா வர்றதுக்கு நிறைய வாய்ப்பு இருக்குன்னு டொக்டர் சொல்றாங்க. ஆபத்து இருக்குன்னும் சொல்றாங்க. பிந்தினா ஆபத்து கூடும்னு சொல்றாங்க. இந்த மூணும் உண்மை. அதுக்கு மேல நான் வாக்குக் குடுக்க மாட்டேன்."

அவருக்கு அப்போதுதான் கோபம் வந்தது. குரல் உயரவில்லை.

"நான் கேக்காத நேரம் வாக்குத் தந்தீங்க. இப்ப கேக்கிறேன், தெரியாது எண்டு செல்றீங்க."

தேநீர் வந்தது. இரண்டு பேரும் அதைத் தொடவில்லை. "நீங்க போங்க மிஸ். பஸ் போய்த்துரும்," என்றார். எழுந்து வாசல்வரை வரவில்லை. கண்டி போய்ச் சேரும்வரை அழுதுகொண்டுதான் போனேன். கண்டக்டர் டிக்கெட்டைக் கையில் வைத்துவிட்டு வேறு பக்கம் பார்த்துக்கொண்டார்.

வியாழக்கிழமை முழுவதும் எந்தத் தகவலும் இல்லை. நான் அன்று எடுத்த ஒரு வேலையையும் முடிக்கவில்லை. கௌரி என் கிண்ணங்களையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டாள். வெள்ளிக்கிழமை பத்து மணிபோல வார்ட் டொக்டர் போன் பண்ணினார். நிஸாம் நானா மனைவியையும் இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வார்டுக்கு வந்து, எல்லாவற்றையும் மறுபடி ஆரம்பத்திலிருந்து கேட்டாராம். வார்டில் தமிழ் தெரிந்த ஒரு தாதி மொழிபெயர்த்திருக்கிறாள். என்னைக் கூப்பிடவில்லை. கடைசியில் போகிறோம் என்று சொல்லிவிட்டார்களாம்.

பேராசிரியர் பார்வையிட வந்தவர்களிடம் நடந்ததை நடந்தபடி காட்டினார். மருந்துக் கிண்ணம் இல்லாமல் எந்தப் பெறுபேறும் வெளியே போகக்கூடாது என்ற விதி அன்றுதான் வந்தது. உங்களுக்கு அது அலுப்பாக இருக்கும், தெரியும். வார்டில் நோயாளிகளோடு பேசுகிறவரும் கிண்ணத்தைப் பார்க்கிறவரும் ஒரே ஆளாக இருக்கக்கூடாது என்ற விதியை நான்தான் கேட்டு வாங்கினேன். கிண்ணத்தைப் பார்த்துவிட்டு வருகிறவளுக்கு வாய் நிற்காது.

அதன்பிறகு ஏழெட்டு வாரமாக நிஸாம் நானாவிடமிருந்து ஒரு பேச்சும் இல்லை. கொழும்பில் சிகிச்சை நடந்ததும் சின்னவன் இரண்டு நாளில் எழுந்து ஓடியதும் டொக்டர் சொல்லித்தான் தெரியும். ஸஹ்ராவை மட்டும் கண்ணாடி அறைக்குள் வைத்திருந்தார்கள், தாய் அவளோடு உள்ளே. தம்பியின் செல்கள் அவள் உடம்பில் பிடித்துக்கொண்டதா என்று தெரிய வாரக்கணக்காகும்.

ஒருநாள் பின்னேரம் நான் ஆய்வுகூடத்தைப் பூட்டிக்கொண்டிருந்தபோது போன் அடித்தது. நிஸாம் நானா. சலாம் சொல்லவில்லை, சுகம் கேட்கவில்லை.

"மிஸ், இப்ப டொக்டர் வெளியில வந்து செல்லிட்டுப் போறார். வெள்ள அணு ஏறத் தொடங்கீட்டாம். தம்பிட செல்லுதானாம். டெஸ்ட் பண்ணியும் பாத்தீக்கிறாங்களாம்."

சாவியைக் கதவிலேயே விட்டுவிட்டுப் படியில் உட்கார்ந்தேன்.

"பரீனா உள்ளுக்கு ஈக்கிறா," என்றார். "கண்ணாடிக்கி அந்தப் பக்கம் நிண்டு, டொக்டர் என்னா செல்லின எண்டு கையால கேக்கிறா. நான் ஒண்டுமில்ல எண்டு தலய ஆட்டிட்டு இங்கால வந்துட்டேன்."

குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"எத்தன நாள் பொறுக்கணும் மிஸ், சந்தோசமா ஒரு விசயத்த செல்றதுக்கு? ஒங்களுக்குத்தான் தெரியும் எண்டு நெனச்சேன்."

அவர் என்னைக் குத்திக் காட்டவில்லை. உண்மையாகவே கேட்டார். ஒரு தகப்பனுக்கு நான் செய்துவைத்திருந்த வேலை என்ன என்பது எனக்கு முழுதாக விளங்கியது அப்போதுதான்.

"டொக்டர் என்ன சொன்னாரோ அத அப்படியே போய்ச் சொல்லுங்க நானா. கூட்டவும் வேணாம், கொறைக்கவும் வேணாம். ஏறத் தொடங்கியிருக்குன்னு சொன்னார்ல, அத சொல்லுங்க. இப்பவே போங்க."

"செல்லலாமா?"

"சொல்லுங்க."

அவர் போனை நிறுத்த மறந்துவிட்டார். நடக்கிற சத்தம் கேட்டது. பிறகு கண்ணாடியில் விரலால் தட்டுகிற சத்தம், ஒரு தடவை, இன்னொரு தடவை. அதற்குப் பிறகு அவர் பேசியது எதுவும் எனக்கானது இல்லை. நான் போனை வைத்தேன்.